இடக்கைக்கு ஒரு கையுறை

காலுறையின் நிறம் மாறியிருந்தது.

காலையில் வத்சலா போட்டுவிட்டது நீலக் கம்பளிக் காலுறை. மழைக்காலத்தில் பின்ஸியின் பாதங்கள் விறைத்துப் போகும் என்பதால் ஜூன் தொடங்கியதிலிருந்து அதுதான் வழக்கம். சாப்பாடு ஊட்டி, வாய் துடைத்து, மின் சக்கர நாற்காலியைக் கொஞ்சம் பின்னால் சாய்த்து வைத்துவிட்டு வத்சலா ஒரு மணிக்குத் தன் வீட்டுக்குக் கிளம்பிப் போனபோதும் அந்த நீலம் இருந்தது. சனிக்கிழமை என்பதால் பின்ஸி கொஞ்சம் அயர்ந்துவிட்டாள். மூன்று மணிக்குக் கண் விழித்தால் பாதங்களில் வெள்ளை. மெல்லிய பருத்தி, புத்தம் புதியது, கடையில் மடித்த கோடுகூட இன்னும் அழியவில்லை.

அவளுக்கு முதலில் வந்தது பயமில்லை, எரிச்சல். சர்ச்சுப் பங்குப் பெண்களில் எவளோ ஒருத்தி வந்திருக்கிறாள், தூங்குகிறவளை எழுப்பாமல் தர்மம் செய்துவிட்டுப் போயிருக்கிறாள். தீ கீ பிடித்தால் யாராவது உள்ளே வரவேண்டுமே என்று முன்கதவை வத்சலா தாழிடாமல் சாத்திவிட்டுத்தான் போவாள். அது ஊருக்கே தெரியும். கேரளத்தில் பாலா நகருக்கு அப்பால் அந்த ரப்பர் தோட்டத்து ஊரில் யார் வேண்டுமானாலும் உள்ளே வருவார்கள், பழைய சேலையோ பலாச்சுளையோ பாட்டுப் புத்தகமோ மடியில் வைத்துவிட்டு, தலையைத் தடவிவிட்டுப் போவார்கள். கேட்டுவிட்டுத் தொட வேண்டும் என்று ஒருவருக்கும் தோன்றியதில்லை.

பின்ஸியின் உடம்பில் அவள் சொன்னதைக் கேட்பவை மூன்றுதான். வலக்கை ஆள்காட்டி விரல், கழுத்து கொஞ்சம், வாய் மிக நன்றாக. மற்ற தசைகள் குழந்தைப் பருவத்திலிருந்தே ஒவ்வொன்றாக வேலையை விட்டுவிட்டன. இடக்கை விரல்கள் இருபது வருடங்களுக்கு முன்பே உள்ளங்கைக்குள் சுருண்டு, இறுகி, அப்படியே நின்றுவிட்டன. ஆனால் தொடு உணர்ச்சி முழுசாக இருந்தது. கொசு உட்கார்ந்தால் தெரியும், தட்டத்தான் முடியாது. இதை ஊரில் ஒருவருக்கும் அவளால் விளக்கிப் புரிய வைக்க முடியவில்லை. நகராத உடம்பு மரத்துப் போன உடம்பு என்று அவர்கள் முடிவு கட்டியிருந்தார்கள், மூளையையும் சேர்த்து.

அதனால்தான் அந்த வெள்ளைக் காலுறையைப் பார்த்தபடி அவள் யோசித்தாள். இறுக்கமான கம்பளியை உருவி எடுத்து, வேறொன்றை மாட்டியிருக்கிறார்கள். வத்சலாவே மாட்டும்போது கணுக்கால் சுளுக்கிக் கொள்ளும், இவள் கத்துவாள். தூக்கத்தில்கூட அவளுக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

முந்தின நாள் மாதத்தின் முதல் வெள்ளி. படுத்த படுக்கையாகக் கிடப்பவர்களுக்குப் பங்குச் சாமியார் வறீதச்சன் வீடு தேடி வந்து நற்கருணை கொடுக்கும் நாள். பின்ஸி படுத்துக் கிடப்பவள் அல்ல. தினமும் மாலை ஐந்து முதல் எட்டு வரை கணினி முன்னால் உட்கார்ந்து பன்னிரண்டாம் வகுப்புப் பிள்ளைகளுக்குக் கணக்கு நடத்துகிறாள், அந்தச் சம்பளத்தில்தான் வத்சலாவுக்குச் சம்பளம் போகிறது. ஆனாலும் பங்குப் பட்டியலில் அவள் பெயர் கிடப்பு நோயாளிகளுக்குக் கீழேதான். அவளுக்குச் சளி கட்டும்போதெல்லாம் சாகப் போகிறாள் என்று ஓடிவந்து அவஸ்தை எண்ணெய் பூசுவார்கள். இதுவரை ஏழு முறை பூசியாயிற்று. பூசியவர்களில் இரண்டு சாமியார்கள் செத்துப் போனார்கள்.

வறீதச்சன் அப்பத்தைக் கொடுத்துவிட்டு அடுத்த வீட்டுக்கு விரைந்த பிறகும் ஏலிக்குட்டி போகவில்லை. அந்தப் பகுதி ஜெபக் கூட்டத்தின் தலைவி அவள். அறுபது வயது, மூன்று ஏக்கர் ரப்பர், பிறர் துன்பத்தில் அளவில்லாத ஆர்வம். கூட நான்கு பெண்கள்.

"ராத்திரி தூங்கினாளா?" ஏலிக்குட்டி வத்சலாவிடம் கேட்டாள்.

"தூங்கினேன் சேச்சி," என்றாள் பின்ஸி.

"ஆகாரம் எறங்குதா?" அதுவும் வத்சலாவிடம்தான்.

"ஒரு குழல் புட்டு எறங்கிச்சு. கடலைக் கறியும் எறங்கிச்சு. என் காது நல்லாத்தான் இருக்கு, என்கிட்டயே கேளுங்க."

ஏலிக்குட்டி வத்சலாவைப் பார்த்துச் சிரித்தாள். "வாய்க்கு மட்டும் ஒரு சீக்கும் இல்ல."

பிறகு ஐந்து பேரும் முழந்தாளிட்டார்கள். ஏலிக்குட்டி கண்களை மூடி, குரலைக் குழைத்து ஆரம்பித்தாள். ஒரு வலியும் இல்லாமல், ஒரு குறையும் தெரியாமல், இந்தக் குஞ்சுக்கு ஒரு நல்ல மரணத்தைக் கொடுக்க வேண்டும். பெண்கள் ஆமென் என்றார்கள்.

"யாருக்கு?" என்றாள் பின்ஸி.

"உனக்குத்தான் மோளே. இன்னிலேர்ந்து ஒம்பது நாள், மத்தியானம் ஒண்ணரைக்கு, சர்ச்சுல நொவேனா ஜெபம். உனக்காகவே."

"சேச்சி, எனக்கு நாப்பத்தோரு வயசு. இந்த மாசக் கடைசியில பிள்ளைங்களுக்குப் பரீட்சை. சாக எனக்கு நேரமில்ல. உங்களுக்குச் சர்க்கரை முந்நூறுன்னு கேள்விப்பட்டேன், உங்களுக்கு வேண்டிக்குங்க."

"திட்டு மாதிரி எடுத்துக்காதடி. நல்ல சாவு கேக்குறது புண்ணியம். எனக்கு மூணு மருமகளுங்க இருக்காளுங்க. நான் செத்தா தொடைக்க, உடுத்த, கையுறை மாட்ட, தலையில பூமுடி வெக்க, கால் வாசலைப் பாக்கக் கிடத்த ஆள் இருக்கு. உனக்கு யாரு இருக்கா? அதையும் சேத்துத்தான் வேண்டிக்கிறோம். அந்த நேரத்துல பக்கத்துல இருக்க ஒரு துணையை அனுப்பணும்னு."

பின்ஸி வாய்விட்டுச் சிரித்தாள். அவர்கள் போன பிறகு வத்சலாவிடம் நடித்துக் காட்டி மறுபடி சிரித்தாள். அந்தப் பெண்களுடைய இரக்கத்தைப் போல அவளுக்குக் குமட்டிக்கொண்டு வருவது உலகத்தில் வேறு எதுவும் இல்லை.

சனிக்கிழமை நான்கு மணிக்குத் திரும்பிய வத்சலா காலுறையைப் பார்த்து, "யாரு டீச்சரே குடுத்தது? நல்ல துணி," என்றாள். நீலக் காலுறை துவைத்து, பிழிந்து, பின்கட்டுக் கொடியில் தொங்கிக்கொண்டிருந்தது.

ஞாயிற்றுக்கிழமை சுவரோரத்து மேசை அறையின் நடுவுக்கு வந்திருந்தது. திங்களன்று அதன்மேல் வெள்ளைத் துணி விரிந்திருந்தது, கஞ்சி போட்டு, நான்கு ஓரமும் தரைக்கு ஒரே அளவாகத் தொங்கும்படி. இரண்டு நாளும் அவள் தூங்கியிருந்தாள், அல்லது தூங்கிவிட்டதாக நினைத்துக்கொண்டாள். செவ்வாய்க்கிழமை ஏலிக்குட்டிக்குப் போன் போடச் சொன்னாள். வத்சலா நாற்காலியில் மாட்டியிருந்த போனைக் கழற்றி, காதருகில் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"மத்தியானத்துல வந்து என் வீட்டை மாத்தி வெக்கிற வேலையை நிறுத்திக்குங்க சேச்சி."

"நாங்களா? நாங்க ஒண்ணரைலேர்ந்து ரெண்டரை வரைக்கும் சர்ச்சுல முழங்கால் தேய உக்காந்திருக்கோம், அதுவும் உனக்காக! அச்சன்கிட்ட வேணா கேளு." கொஞ்சம் மூச்சு வாங்கியது. "ஆனா எங்க கூட்டத்து ஷைனி சொன்னா, நேத்து மழையில உன் வாசல்ல ஒரு பொம்பள குடை இல்லாம நின்னாளாம். வத்சலாதானே?"

வத்சலா இல்லை என்று தலையாட்டினாள். அவள் முகத்தில் ஒரு கேள்வி நின்றது. "டீச்சரே, டோமி சாருக்கு ஒரு வார்த்தை சொல்லிரவா? எனக்கென்னமோ சரியாப் படல."

"ஒண்ணும் வேண்டாம். நான்தான் ஷைனியை மேசையை இழுத்துப் போடச் சொன்னேன். மறந்துட்டேன்."

பொய் சொல்லக் காரணம் இருந்தது. வீடு தம்பி டோமியின் பேரில். பெண்ணுக்கு, அதுவும் இப்படிப்பட்ட பெண்ணுக்கு, எதற்கு வீடு என்று அப்பா அவனுக்கே எழுதி வைத்துவிட்டுப் போனார். ஆஸ்திரேலியாவில் பெர்த் நகரில் இருக்கும் டோமி, வருடத்துக்கு ஒருமுறை வந்து அழுதுவிட்டுப் போகிற நல்லவன், ஒரே ஒரு நிபந்தனை போட்டிருந்தான். "ஒண்ணுலேர்ந்து நாலு வரைக்கும் நீ தனியா இருக்கேன்னு எனக்குத் தெரியும் சேச்சி. ஒரு தடவை பயந்தேன்னு, ஒரு தடவை ஏதோ ஆச்சுன்னு காதுல விழுந்தா, அடுத்த நாள் ஆம்புலன்ஸ் வந்து இல்லத்துக்குக் கூட்டிட்டுப் போயிரும்."

அந்த இல்லத்தில் அவள் பதினொரு மாதம் இருந்திருக்கிறாள். முப்பது கட்டில். விடியற்காலை நாலரைக்கு விளக்கைப் போட்டு ஈரத் துவாலையோடு வருவார்கள். நெற்றியில் தொடங்கிக் கால் விரலில் முடிப்பார்கள். முப்பது உடம்பையும் ஒரே துவாலையால், ஒரே பாட்டைப் பாடிக்கொண்டு துடைப்பார்கள், ஒருவர்கூடக் கண்ணைப் பார்க்க மாட்டார்கள். கணினி கேட்டாள், ஜெபமாலை கொடுத்தார்கள். அங்கிருந்து வெளியே வர அவள் வேலை தேடி, டோமியோடு இரண்டு வருடம் சண்டை போட்டு, பேச்சுவார்த்தை நின்று, மறுபடி தொடங்கி, கடைசியில் இந்தக் கூடத்தையும் இந்த மூன்று மணி நேரத்தையும் வாங்கினாள். யாரும் பார்க்காத, யாரும் துடைக்காத மூன்று மணி நேரம். அதை ஒரு காலுறைக்காக விட்டுக்கொடுக்க அவள் தயாராக இல்லை.

புதன்கிழமை தூங்குவதில்லை என்று முடிவு செய்தாள். மழை ஒரு சீராகப் பெய்துகொண்டிருந்தது. தோட்டத்தில் ரப்பர் மரங்களின் இடுப்பில் பால்வெட்டுக்கு மேல் மழை படாதபடி கட்டியிருந்த பிளாஸ்டிக் பாவாடைகள் காற்றில் பட் பட்டென்று அடித்துக்கொண்டன, புகைக்கூடத்திலிருந்து காயாத ரப்பர் ஷீட்டின் புளித்த வாடை ஜன்னல் வழியே வந்துகொண்டிருந்தது, கூடத்துக்குள் வெளிச்சம் குறைந்து தரையின் சிவப்பு கறுத்தது. அவள் முக்கோணவியல் சூத்திரங்களை ஒவ்வொன்றாகச் சத்தமாகச் சொல்லிக்கொண்டிருந்தாள். ஒன்றரைக்குச் சர்ச் மணி அடித்தது. மணிச் சத்தம் ஓய்ந்ததும் ரப்பர் வாடை நின்றுபோனது. அந்த இடத்தில் குந்திரிக்கத் தூபம் மணத்தது, அதற்கடியில் புதிதாய்க் கஞ்சி போட்ட துணியின் வாசனை.

நாற்காலிக்குப் பின்னால் துணி உரசியது. முரட்டுத் துணி, நடக்கும்போது உரசுவது போல.

"யாரு?" என்றாள்.

பதில் இல்லை. அவள் கழுத்து பின்னால் திரும்பாது. ஆள்காட்டி விரலால் நாற்காலியின் பிடியைத் தள்ளினாள், நாற்காலியைச் சுற்றித் திருப்ப. மோட்டார் உறுமியது, சக்கரம் நகரவில்லை. யாரோ பின்னால் பிடித்துக்கொண்டிருப்பது போல இருந்தது.

பிறகு அவள் இடக்கையை எடுத்தார்கள்.

அந்தக் கையை எவர் எடுத்தாலும் வலிக்கும். டாக்டர், வத்சலா, செத்துப்போன அம்மா, எல்லோரும் விரல்களை நிமிர்த்தப் பார்ப்பார்கள், அவள் அலறுவாள். இவை நிமிர்த்தவில்லை. குளிர்ந்த விரல்கள் மணிக்கட்டுக்கு அடியில் ஏந்தி, சுருண்ட ஒவ்வொரு விரலின் முதுகையும் தடவி, மடிப்புக்குள் நுழைந்து, திரும்பி, சாண் வைத்து, மறுபடி சாண் வைத்து அளந்தன. துளி வலியில்லை. நாற்பத்தோரு வருடத்தில் அவள் கையை இவ்வளவு தெரிந்து தொட்டவர் எவருமில்லை. அதை நினைத்தபோது அவளுக்கு அழுகை வந்தது, அதற்காகத் தன்னையே அவள் அருவருத்தாள். அளப்பவர்களை அவளுக்கு இரண்டே இடத்தில் தெரியும். ஒன்று தையல் கடை.

குனிந்து பார்த்தாள். கை மடியிலிருந்து நான்கு விரற்கடை உயரத்தில் தானாக நின்றது. அதைப் பிடித்திருந்தது எதுவும் கண்ணுக்குத் தெரியவில்லை.

வியாழக்கிழமை மேசைமேல் இரண்டு மெழுகுவர்த்திகளும் நடுவில் சிலுவையும் இருந்தன. வெள்ளிக்கிழமை கையுறைகள். இந்த ஊரில் பிணத்துக்கு மாட்டுகிற வெள்ளைக் கையுறைகள். வலக்கையுடையது தட்டையாகக் கிடந்தது. இடக்கையுடையது தட்டையாக இல்லை. சுருட்டியே தைத்திருந்தார்கள். நான்கு விரலும் உள்ளே மடிந்து, கட்டை விரல் அவற்றின் அடியில் புதைந்து, அவளுடைய கையே வெள்ளையாக மேசையில் உட்கார்ந்திருந்தது.

வத்சலா அதைப் பார்த்ததும் சுவரோடு ஒட்டிக்கொண்டாள். "டீச்சரே, இது எவ செஞ்சது? இது நல்லதுக்கில்ல. சாருக்குப் போன் போடுறேன்."

"போட்டா நாளைக்கே உங்களுக்கு வேலை இல்ல சேச்சி. எனக்கு வீடு இல்ல. ஏலிக்குட்டியோட கூத்துதான் இது. நாளையோட ஒம்பது நாள் முடியுது. அடுப்புல போட்டுக் கொளுத்துங்க."

வத்சலா கொளுத்தினாள். இரண்டு பேரும் அது கருகும் நாற்றத்தைப் பொறுத்துக்கொண்டார்கள்.

மறுநாள், சனிக்கிழமை, ஒரு மணி. வத்சலா குடையை எடுத்தாள். போகாதீங்க என்ற சொல் பின்ஸியின் நாக்கு நுனியில் வந்து நின்றது. அவளுக்குப் பயமாக இருந்தது. குழந்தையைப் போல, வெட்கங்கெட்ட பயம். ஒரு வார்த்தை சொன்னால் போதும், வத்சலா இருந்துவிடுவாள். ஏன் இருந்தாய் என்று நாளை வத்சலாவை ஊர் கேட்கும், ஊர் கேட்டது டோமிக்குப் போகும், அதன்பின் நாலரை மணி விளக்கும் ஈரத் துவாலையும்தான். அவர்களுக்கு அந்தத் திருப்தியை அவள் கொடுக்கப் போவதில்லை.

"சீக்கிரம் வாங்க," என்றாள்.

வத்சலா திரும்பிப் பார்த்தாள். பத்து வருடத்தில் டீச்சர் அப்படிச் சொன்னதில்லை. "மூணுக்கே வந்துர்றேன்," என்று மழைக்குள் இறங்கினாள்.

ஒன்றரை. மணி அடித்தது.

நாற்காலி நகர்ந்தது. அவள் விரல் பிடியில் இல்லை. மெதுவாக, சுவரில் இடிக்காமல், மேசையைச் சுற்றிக்கொண்டு, அதன் முன்னால் போய், அங்கே திரும்பியது. கால்கள் வாசலைப் பார்க்க.

சாய்க்கும் மோட்டார் ஓடத் தொடங்கியது. முதுகுப் பலகை கீழே போனது. கால் பலகை மேலே வந்தது. உத்தரம் தெரிந்தது, ஓடு தெரிந்தது. மோட்டார் நின்றபோது அவள் மல்லாந்து கிடந்தாள்.

குந்திரிக்கம். கஞ்சித் துணி. தீக்குச்சி உரசும் ஒலி. இன்னொரு முறை.

ஈரத் துணி நெற்றியில் பட்டது. கன்னம். கழுத்து. கீழே. இன்னும் கீழே.

"வேண்டாம்," என்றாள். "நான் உயிரோட இருக்கேன். தெரியுதா? உயிரோட இருக்கேன்."

துணி நிற்கவில்லை. நெற்றியில் தொடங்கிக் கால் விரலில் முடிந்தது.

எல்லாவற்றையும் விட்டுவிட அவள் அப்போது தயாரானாள். வீடு, வேலை, மூன்று மணி நேரம், எல்லாம். நாற்காலியின் கைப்பக்கத்தில் போன் மாட்டியிருந்தது. குரல் கொடுத்தால் கேட்கும். "டோமியைக் கூப்பிடு," என்று கத்தினாள். போன் விழித்தது. விளக்கு எரிந்தது. "நீங்கள் சொன்னது கேட்கவில்லை," என்றது.

"டோமியைக் கூப்பிடு! டோமி, என்னைக் கூட்டிட்டுப் போ! இல்லத்துக்கே வர்றேன்!"

"நீங்கள் சொன்னது கேட்கவில்லை."

வலக்கையில் ஏதோ ஏறியது. ஆள்காட்டி விரலும் உள்ளே போனது.

இடக்கை. அதன் கையுறை நேற்றுக் கருகியது. அவளே மோந்தாள். அது இப்போது விரல் விரலாக ஏறியது. வலிக்கவில்லை. சரியாகப் பொருந்தியது.

தலையை யாரோ ஏந்தினார்கள். ஈரப் பூக்கள் நெற்றியைச் சுற்றி இறங்கின. செத்தவர்களுக்கு வைக்கிற பூமுடி.

எவ்வளவு நேரம் என்று தெரியவில்லை. மழையில் குடைகளின் ஓசை. நொவேனாவை முடித்துவிட்டு நேராக வந்திருக்கிறார்கள். கதவு திறந்தது. ஏலிக்குட்டியின் முகம் தெரிந்தபோது, அந்த முகத்தைக் கண்டு இவ்வளவு சந்தோஷப்பட முடியும் என்று பின்ஸி கனவிலும் நினைத்ததில்லை.

"சேச்சி! இதை அவுத்து விடுங்க. என்னைத் தூக்கி உக்கார வைங்க."

ஏலிக்குட்டி சிலுவை போட்டுக்கொண்டாள். பிறகு பின்னால் வந்த வத்சலாவிடம் கேட்டாள். "எப்போ?"

"ஒரு மணிக்கு நான் போறப்ப நல்லாத்தானே இருந்தாங்க," என்று வத்சலா தரையில் உட்கார்ந்து அழுதாள்.

"நல்லாத்தான் இருக்கேன்! என்கிட்ட கேளுங்க! என்கிட்டயே கேளுங்க சேச்சி!"

ஒருவரும் அவள் பக்கம் திரும்பவில்லை. அவர்கள் எப்போதும் இப்படித்தான். அவள் தலைக்கு மேல், வத்சலாவிடம்தான் பேசுவார்கள். இன்று அதில் ஏதாவது வித்தியாசம் உண்டா என்று அவள் தேடினாள். கிடைக்கவில்லை.

"யாரு இவ்வளவு ஒழுங்காச் செஞ்சது? எம் மருமகளுங்களுக்குக்கூட இப்படி வராது," என்றாள் ஏலிக்குட்டி. "எவ்வளவு சாந்தமாக் கிடக்கா பாரு. உயிரோட இருந்தவரைக்கும் இந்த வாய் ஒரு நிமிஷம் மூடல."

பெண்கள் நாற்காலியைச் சுற்றி நின்றார்கள். இடது பக்கம் மட்டும் ஒருவர் நிற்கும் அளவுக்கு இடம் விட்டு நின்றார்கள். விட்டது அவர்களுக்கே தெரிந்ததாகத் தோன்றவில்லை.

"டோமி வீடியோவுல வந்துட்டான். முகத்தைக் காட்டுடி ஷைனி."

ஷைனி போனைப் பின்ஸியின் முகத்துக்கு நேர் மேலே நீட்டினாள். திரை முழுக்க டோமி அழுதுகொண்டிருந்தான். மூலையில் ஒரு சின்னக் கட்டம், அவனுக்கு அங்கே தெரிகிற படம். வெள்ளைப் பூமுடி. மார்பில் சேர்த்து வைத்த இரண்டு வெள்ளைக் கைகள், ஒன்று நேராக, ஒன்று சுருண்டு. பின்ஸி கண்ணை அகல விரித்து, இமைக்காமல், அந்தக் கட்டத்தையே பார்த்தாள்.

கட்டத்துக்குள் அவள் கண்கள் மூடியிருந்தன. மூடிய இமைகளின் மேல், அவை திறந்துவிடாதபடி, இரண்டு விரல்கள் மெல்ல அழுத்திக்கொண்டிருந்தன.